வெங்காயப்பேட்டையின் உச்சிவேளை

ரவுடி லாடம் தவமணி சிறைக்குள் திருந்தி நல்ல மனுஷனாகிவிட்டான் என்று பேப்பரில் படத்தோடு செய்தி வந்த வாரத்தில், பல வருஷங்களுக்கு முன்னால் அவன் வெட்டிக் கொன்ற சீனிச்சாமி, வெங்காயப்பேட்டை நிறுத்தத்தில் டவுன் பஸ்ஸிலிருந்து இறங்கி, கமிஷன் கடைகளுக்கு முன்னால் பறந்துகொண்டிருந்த வெங்காயச் சருகை மிதித்து நடந்து, காளியம்மன் கோயில் சந்தில் திரும்பி, தன் வீட்டுக்குள் நுழைந்து, குடிக்கத் தண்ணீர் கேட்டான். அவன் பொண்டாட்டி குருவம்மா கொடுத்தாள். வேறு என்ன செய்வாள்? கட்டின புருஷன் வெயிலில் வந்து தண்ணீர் கேட்டால், நீ செத்தவனா இருக்கிறவனா என்று விசாரித்துவிட்டா சொம்பை நீட்ட முடியும்? அவன் அண்ணாந்து குடித்தான். வெட்டு விழுந்த கழுத்தில் தண்ணீர் கசிகிறதா என்று அவள் பார்த்தாள். கசியவில்லை. தொண்டை முடிச்சு ஏறி இறங்குவதைக் கண்ட பிறகுதான் அவளுக்கு அழுகை வந்தது. அழுதுகொண்டே உலை வைத்தாள்.

சீனிச்சாமி செத்த விதத்தையும் சொல்லிவிட வேண்டும். அவன் ரவுடியும் இல்லை, ரவுடிக்கு எதிராகச் சாட்சி சொன்னவனும் இல்லை. வெங்காய மண்டியில் எடை போடுகிற ஆள். ஒரு நாள் உச்சி வெயிலில், முதலாளி மகனின் ஸ்கூட்டரை இரவல் வாங்கி, அவனுடைய ஹெல்மெட்டையே தலையில் மாட்டிக்கொண்டு, குருவம்மாவின் காய்ச்சலுக்கு மாத்திரை வாங்கக் கிளம்பினான். முதலாளி மகனைத் தீர்க்கக் காத்திருந்த தவமணியும் அவன் ஆட்களும் வண்டி நம்பரைப் பார்த்தார்கள், ஆளைப் பார்க்கவில்லை. டீக்கடைக்கு முன்னால் முதல் வெட்டைத் தோளில் போட்டதும் தவமணிதான், கடைசி வெட்டைக் கழுத்தில் போட்டதும் அவன்தான். எல்லாம் முடிந்த பிறகு ஹெல்மெட்டைக் கழற்றிப் பார்த்துவிட்டு, "ச்சே, இவன் இல்லடா," என்றான். குருவம்மா அதைக் கோர்ட்டில் ஒரு சாட்சியின் வாயால் கேட்டாள். ஏதாவது சொல்ல வேண்டுமா என்று ஜட்ஜ் அவளைக் கேட்டபோது, "தூக்குல போடுங்க சாமி, நான் வந்து பாக்கணும்," என்றாள். தவமணி மேல் வேறு கொலைகளும் இருந்தன, ஆனால் அவை கத்தி எடுத்தவனும் கத்தி எடுத்தவனும் மோதிக்கொண்டவை. ஒன்றுமறியாத இந்தக் கொலைக்குத்தான் தூக்கு என்று தீர்ப்பானது.

வந்த மறுநாள் உச்சிவேளையில், வீட்டுக்குள் உட்கார்ந்து முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்த சீனிச்சாமியின் தோள் தானாகப் பிளந்தது. அரிவாள் இல்லை, கை இல்லை, ஆள் இல்லை. முதலில் சட்டை கிழிந்தது, அப்புறம் தோல், அப்புறம் வெள்ளையாக எலும்பு தெரிந்தது. அவன் எழுந்து ஓடப் பார்த்தான், கெண்டைக்காலில் அடுத்தது இறங்கியது. தடுக்கத் தூக்கிய கையில் விரல்கள் இரண்டு அறுபட்டுத் தொங்கின. குருவம்மா அலறிக்கொண்டு அவன்மேல் விழுந்து மறைத்தாள். வெட்டுகள் அவளைத் தாண்டி, அவளுக்கு ஒரு கீறல்கூட இல்லாமல், அவனுக்குள் இறங்கின. கழுத்தில் விழுந்தபோது தெறித்தது சாமி படம் வரைக்கும் போயிற்று. அவனை மடியில் போட்டுக்கொண்டு சாயங்காலம் வரை கிடந்தாள். விளக்கு வைக்கிற நேரத்தில் அவன் கண்ணைத் திறந்து, எழுந்து, குழாயடியில் தலைக்கு ஊற்றிக்கொண்டு வந்து, "பசிக்குது," என்றான். மறுநாளும் அப்படியே. அதற்கடுத்த நாள் வெயில் ஏறுவதற்கு முன்னாலேயே செருப்பை மாட்டினான்.

"எங்க கெளம்பிட்டீக?"

"கடைத்தெருவுக்கு. வீட்டுல வேணாம் குருவு. நீ எத்தனை தடவைதான் சுவத்தைக் கழுவுவ?"

இப்படித்தான் அது கடைத்தெருவின் சமாசாரமாயிற்று. முதல் நாள் ஜனம் ஓடியது, குழந்தைகள் வாந்தி எடுத்தன, இன்ஸ்பெக்டர் ஜீப்பில் வந்து, ஏற்கெனவே செத்து, வழக்கு நடந்து, கொன்றவனுக்குத் தண்டனையும் ஆன ஒருவனின் கொலையை எந்தப் பிரிவில் எழுதுவது என்று தெரியாமல் ஒரு டீ குடித்துவிட்டுத் திரும்பினார். ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப்போனார்கள், பிரேதப் பரிசோதனை மேஜையில் அவன் எழுந்து உட்கார்ந்து வேட்டியைத் தேடவே, இனிமேல் இந்த ஆளை இங்கே கொண்டுவராதீர்கள் என்று சொல்லிவிட்டார்கள். மனுஷ ஜென்மம் எதற்கும் பழகும், வெங்காயப்பேட்டை மனுஷ ஜென்மம் கொஞ்சம் சீக்கிரமாகவே பழகும். உச்சிவேளை நெருங்கினால் கடைகளின் ஷட்டர் பாதி இறங்கிவிடும், லோடுமேன்கள் மூட்டையை இறக்கிவைத்துவிட்டு பீடி பற்றவைப்பார்கள், ரத்தம் உறிஞ்ச மரமில்லிலிருந்து கூடை கூடையாக மரத்தூள் வந்து ரோட்டில் கொட்டப்படும், டவுன் பஸ் கண்டக்டர் "இடது பக்கம் பாக்காதீங்க" என்று ஒரு குரல் கொடுப்பார், சீனிச்சாமி டீக்கடைக்கு முன்னால் வந்து நின்று, சட்டையைக் கழற்றி மடித்து பெஞ்சின் மேல் வைத்துவிட்டு வெட்டுப்படுவான். அவன் அலறல் அடங்கியதும் ஷட்டர்கள் ஏறும், எடை போடுகிற சத்தம் மறுபடி ஆரம்பிக்கும். புருஷன் உயிரோடு இருக்கும்போது விதவைப் பென்ஷன் எதற்கு என்று யாரோ ஒரு புண்ணியவான் மனு போட்டு அதையும் நிறுத்தினான். செத்தவன் பெயரைத் திரும்பச் சேர்க்க வழியில்லை என்று ரேஷன் கார்டிலும் கையை விரித்துவிட்டார்கள்.

ஞாயிற்றுக்கிழமை மட்டும் வெட்டு கிடையாது. அன்றைக்குப் பேட்டைக்கு விடுமுறை, ஆகவே வெட்டுக்கும் விடுமுறை என்று ஊர் முடிவுகட்டிக்கொண்டது, யாரும் அதற்கு மேல் யோசிக்கவில்லை. அன்றைக்குப் புருஷனும் பெண்டாட்டியும் கறி எடுத்துச் சமைத்தார்கள், மதிய ஆட்டம் சினிமாவுக்குப் போனார்கள். வெட்கத்தை விட்டுச் சொன்னால், குருவம்மா சந்தோஷமாக இருந்தாள். ஆறு நாளும் அவனுக்கு விழுகிற வெட்டை எண்ணி அந்தச் சந்தோஷத்துக்காகத் தன்னையே காறித் துப்பிக்கொண்டாலும் இருந்தாள்.

இந்தச் சமயத்தில்தான் தவமணியைத் தூக்கில் போடுவதா விடுவதா என்ற வாதம் நாடெங்கும் கிளம்பியது. பேட்டையில் இரண்டு பேனர்கள் எதிரும் புதிருமாக ஏறின. சீனிச்சாமியின் தம்பி தங்கப்பாண்டி, வியாபாரிகள் சங்கத்துச் செயலாளர், டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து தொடையைத் தட்டிப் பேசினான்.

"அவனைத் தொங்கவிட்டாத்தான் எங்க அண்ணன் நிம்மதியா மண்ணுக்குப் போவான்."

"திருந்துனவனைத் தொங்கவிட்டு என்ன பிரயோசனம்? தொங்கவிடணும்னா அன்னைக்கே தொங்கவிட்டிருக்கணும்," என்றார் டீ மாஸ்டர்.

"திருந்திட்டான்னா வெட்டு ஏன் இன்னும் விழுது?" என்று ஒரு லோடுமேன் கேட்டான்.

அவர்கள் பேசிக்கொண்டிருந்தபோதே சீனிச்சாமி அவர்கள் காலடியில்தான் துண்டுபட்டுக் கிடந்தான். பிடிமானத்துக்கு அவன் நீட்டிய கை பட்டுவிடாமல் தங்கப்பாண்டி பெஞ்சைக் கொஞ்சம் தள்ளிப் போட்டுக்கொண்டான்.

சென்னையிலிருந்து வக்கீலம்மா யமுனா வந்தார். தவமணிக்காகக் கருணை மனு எழுதியவர் அவர்தான். குருவம்மா ஒரு கையெழுத்துப் போட்டால் மேலிடம் இரங்கும் என்றார்.

"அவரு முன்ன மாதிரி இல்லம்மா. தினம் மத்தியானச் சாப்பாட்டுக்கு முன்னாடி, புதுசா வந்த கைதிப் பசங்களை உக்காரவெச்சு, உங்க வீட்டுக்காரரை வெட்டினதை ஒண்ணு விடாம சொல்லுவாரு. முதல் வெட்டுல ஆரம்பிச்சு கடைசி வெட்டு வரைக்கும். அழுதுகிட்டே சொல்லுவாரு. அதைக் கேட்டு எத்தனை பசங்க கத்தியை விட்டிருக்காங்க தெரியுமா?"

குருவம்மா முறத்தைக் கீழே வைத்தாள்.

"தினமுமா?"

"தினமும்தான். ஞாயித்துக்கிழமை மட்டும் பசங்களைப் பாக்க வீட்டுலேருந்து ஆள் வருவாங்க, அன்னிக்கு இல்ல."

தன் பாவத்தைக் கழுவுகிறேன் என்று அங்கே ஒருவன் தினம் வாயால் அரிவாளைத் தூக்குகிறான், இங்கே இவன் தினம் துண்டாகிறான். அதைவிட இன்னொன்றுதான் அவளை அதிகம் சுட்டது. அவளும்தானே இத்தனை வருஷம், ஒரு வேளை சோறுகூட அவனை நினைக்காமல் தின்றதில்லை? பெண்டாட்டி நினைத்து வராத மனுஷன் கொன்றவன் நினைத்து வந்திருக்கிறான்.

மறுநாளே மத்திய சிறைக்குப் போனாள். கம்பிவலைக்கு அந்தப் பக்கம் தலை நரைத்து, கண்ணாடி போட்டு, பள்ளிக்கூட வாத்தியார் போல ஒருவன் வந்து நின்றான். அவளைப் பார்த்ததும் கைகூப்பித் தரையில் உட்கார்ந்துவிட்டான்.

"எந்திரி," என்றாள் குருவம்மா. "நீ வாயைத் திறக்கிற நேரமெல்லாம் அங்க அவரு வெட்டுப்படுறாரு. தோள்ல, கால்ல, கையில, கழுத்துல. நீ சொல்ற வரிசையிலேயே."

அவன் நம்பாமல் பார்க்கவில்லை. தன் உள்ளங்கைகளைத் திருப்பிப் பார்த்தான்.

"சொல்லி முடிச்சதும் மணிக்கட்டு வரைக்கும் ரெண்டு கையும் நனைஞ்சிருக்கும் அக்கா. கண்ணீர்னு நெனச்சேன்."

"நிறுத்திரு."

நிறுத்தினான். மறுநாள் உச்சிவேளையில் வெட்டு விழவில்லை, மரத்தூளைக் கொட்டிவைத்த ஊர் ஏமாந்துபோயிற்று. ஆனால் சீனிச்சாமிக்கு டம்ளரைப் பிடிக்க முடியவில்லை. கைக்குள்ளிருந்து அது நழுவி விழுந்தது. அடுத்த நாள் அவன் குரல் கிணற்றுக்குள்ளிருந்து வந்தது. அதற்கடுத்த நாள் அவனுக்குப் பின்னால் இருந்த சுவர் அவன் வழியாகவே தெரிந்தது. குருவம்மா சிறைக்கு ஓடினாள்.

"நெனக்காம இருக்காதே. வேற எதையாவது நெனை. வெட்டை நெனைக்காதே, அவரை நெனை."

தவமணி கையை விரித்தான். "நான் அவரைப் பாத்ததே அவ்வளவு நேரந்தான் அக்கா. ஹெல்மெட் போட்டிருந்தாரு. எனக்கு அவரைப் பத்தி வேற எதுவும் தெரியாது."

ஆகவே அவள் சொல்லிக்கொடுத்தாள். தன் வீட்டுப் பாத்திரங்களை ஒவ்வொன்றாக எடுத்துத் திருடன் கையில் கொடுப்பது போலப் பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னாள். சீனிச்சாமி சாம்பாருக்கு முன்னால் ரசம் ஊற்றிச் சாப்பிடுவான், கல்யாணத்தன்று தாலி முடிச்சு கைநடுக்கத்தில் விழாமல் நாத்தனாரிடம் திட்டு வாங்கினான், தூக்கத்தில் எடைக்கணக்கு உளறுவான், கோபம் வந்தால் சண்டை போடாமல் பரணை ஒழுங்குபண்ணுவான், பிள்ளை தங்காமல் போனபோது ஆஸ்பத்திரி வாசலில் அவளைவிட அதிகமாக அழுதான். தவமணி ஒவ்வொன்றையும் திரும்பச் சொல்லிப் பார்த்து வாங்கிக்கொண்டான். வாரம் தவறாமல் அவள் போனாள், போகப் போக அவனும் தன்னைப் பற்றி ஏதாவது சொல்லிவைத்தான். ஒவ்வொரு தடவையும் அவன் முகத்தில் காறித் துப்ப வேண்டும் என்று கிளம்புவாள், திரும்பி வரும்போது துப்பாதது நினைவுக்கு வரும். இங்கே சீனிச்சாமி உடம்பு தேறினான். உச்சிவேளையில் டீக்கடை பெஞ்சில் சட்டையோடு உட்கார்ந்து டீ குடித்தான். ஷட்டர்கள் முழுசாகத் திறந்தே இருந்தன, கொஞ்சம் பேருக்கு அதில் சுவாரசியமும் குறைந்தது.

சிறையிலும் சுவாரசியம் குறைந்துதான் போயிற்று. ரத்தக் கதை கேட்க உட்கார்ந்த பையன்களுக்கு ரசம் ஊற்றிச் சாப்பிட்ட கதை கொட்டாவி வரவழைத்தது. குற்றத்தைப் பற்றிப் பேசவே மாட்டேன் என்கிறான், திருந்தியது வேஷமா என்று பேப்பரில் எழுதினார்கள். மேலிடத்திலிருந்து அதிகாரிகள் அவனை நேரில் கேட்க வரப்போவதாகவும், அவர்கள் கையில்தான் முடிவு என்றும் வக்கீலம்மா ஓடிவந்து சொன்னார்.

"அன்னிக்கு ஒரே ஒரு தடவை அந்தக் கொலையைச் சொல்லச் சொல்லுங்கம்மா. அழுது சொன்னாருன்னா உயிர் தப்பிரும். இல்லேன்னா தூக்குதான்."

தூக்கு என்றால் தவமணி போவான், அவன் நினைப்பும் போகும், சீனிச்சாமியும் போவான். ஒரு நாள் வெட்டுப்பட்டால் ஆயுசுக்கும் இருப்பான். அதைப் புருஷனிடம் எப்படிக் கேட்பது என்று அவள் தட்டுக்கு முன்னால் விழித்தாள்.

"ஒரு நாள்தானே," என்றான், வக்கீலம்மா சொன்னதை உள்ளேயிருந்து கேட்டிருந்த சீனிச்சாமி, சோற்றைப் பிசைந்துகொண்டே. "பழகினதுதான். நான் கடைத்தெருவுக்குப் போயிக்கிறேன். நீ சொல்லிட்டு வா."

சிறையில் கம்பிவலைக்கு இந்தப் பக்கம் நின்று அவள் சொன்னாள். ஜட்ஜ் முன்னால் தூக்குக் கேட்ட அதே வாயால், உயிர் பிழைத்துக்கொள் என்று சொன்னாள். தவமணி தலையை ஆட்டினான், இல்லை என்று ஆட்டினான்.

"அவரை இனிமே வெட்ட மாட்டேன் அக்கா."

"அவரே சரின்னுட்டாருடா. உனக்கென்ன?"

"அன்னைக்கு எனக்கு அவரைத் தெரியாது, வெட்டிட்டேன். இப்பத் தெரியுமே. தெரிஞ்ச மனுஷனை எப்படி வெட்டச் சொல்ற?"

அவள் கெஞ்சினாள், திட்டினாள், கம்பிவலையில் நெற்றியை முட்டினாள். அதிகாரிகள் வந்த அன்று உச்சிவேளையில் சீனிச்சாமி டீக்கடை முன்னால் சட்டையைக் கழற்றி வைத்துவிட்டு வெகுநேரம் நின்றான். ஒன்றும் விழவில்லை. அங்கே தவமணி, சீனிச்சாமி பரண் ஒழுங்குபண்ணும் அழகை அதிகாரிகளுக்கு விளக்கிக்கொண்டிருந்தான். செய்த குற்றத்தில் வருத்தம் இல்லை என்று அவர்கள் முடிவு செய்தார்கள்.

தூக்கு ஒரு விடிகாலையில் நடந்தது. அந்த நேரத்தில் சீனிச்சாமி குழாயடியில் பல் விளக்கிக்கொண்டிருந்தான். காப்பி ஆறுகிறது என்று குருவம்மா அடுப்படியிலிருந்து கூப்பிட்டாள். பதில் வராமல் போய்ப் பார்த்தபோது குழாயில் தண்ணீர் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. இந்தத் தடவை கழுவ ரத்தமும் இல்லை, மடியில் போட்டுக்கொள்ள உடம்பும் இல்லை. குழாயை மூடிவிட்டு அங்கேயே ஈரத்தில் உட்கார்ந்தாள்.

கடைத்தெருவில் சரவெடி வெடித்தது. தங்கப்பாண்டி தெருமுழுக்க லட்டு கொடுத்தான். லாரி வரும் வரை காத்திருக்கிற நேரத்தில் வெட்டுக்குத்துக் கதை பேசுவது பேட்டையின் வழக்கம். பக்கத்தில் நின்று பார்த்தவன் மாதிரிச் சொல்ல வேண்டும், கேட்டவன் அடுத்தவனுக்குச் சொல்லும்போது சொந்தமாக ஒன்றைச் சேர்க்க வேண்டும், அதுதான் மரியாதை. அன்று முழுக்கத் தூக்குக் கதைதான். தூக்குமேடைப் பலகை தட்டிய சத்தம் வெளியே கேட்டதாம் என்றான் ஒருவன். கழுத்து உடனே முறியவில்லையாம், ரொம்ப நேரம் துடித்தானாம் என்றான் இன்னொருவன். நாக்கு தாடை வரை தள்ளியதாம், வேட்டியிலேயே மூத்திரம் போய்விட்டானாம். லட்டைக் கடித்துக்கொண்டு சொன்னார்கள், திரும்பத் திரும்பச் சொன்னார்கள்.

மறுநாள் உச்சிவேளையில், டீக்கடைக்கு முன்னால், தலைக்கு மேலே வெறும் ஆகாயத்தில், தவமணி தொங்கினான். பலகை தட்டுகிற சத்தம் முதலில் கேட்டது. அப்புறம் கால்கள் உதைத்தன. கழுத்து முறியவில்லை. தொண்டையிலிருந்து கரகரவென்று ஒரு சத்தம் வந்தது, நாக்கு தாடை வரை தள்ளியது, அதைச் சொன்னவன் தன் வாயைப் பொத்திக்கொண்டான். வேட்டி நனைந்து சொட்டியது. ஒவ்வொருவரும் தான் சேர்த்ததைத் தெருவில் அடையாளம் கண்டார்கள். பிறகு, ஒருவர் பின் ஒருவராக, ஷட்டரைப் பாதி இறக்கினார்கள்.

குருவம்மா சந்திலிருந்து வந்தாள். நேராக அவனுக்குக் கீழே போய் நின்றாள். உதைத்த கால் அவள் வாயில் பட்டு உதடு கிழிந்தது. ரத்தத்தைத் துப்பிவிட்டு, இரண்டு கால்களையும் சேர்த்துப் பிடித்து, தன் தோள்களில் ஏற்றி, முழு எடையையும் தாங்கி நிமிர்ந்தாள். மேலே மூச்சு இழுக்கிற சத்தம் கேட்டது.

"மதினி, விடுங்க," என்று தங்கப்பாண்டி ஓடிவந்தான். "அண்ணனைக் கொன்னவன் மதினி."

"தெரியும். உங்க அண்ணனை முழுசா இவன்கிட்டத்தான் கொடுத்துவெச்சிருந்தேன் தம்பி."

யாரோ வெங்காய மூட்டை அறுக்கிற கத்தியோடு வந்து அண்ணாந்து பார்த்தான். அறுக்கக் கயிறு எதுவும் இல்லை.

"நீங்க சொன்னதுலதான் தொங்குறான்," என்றாள் குருவம்மா, மூச்சு வாங்கியபடி. "தூக்கைச் சொல்லாதீங்க. வேற சொல்லுங்க. இவனைப் பத்தி வேற எதையாவது சொல்லுங்க."

ஷட்டர்களுக்குக் கீழே இருந்து முகங்கள் அவளைப் பார்த்தன. அவனுடைய அரிவாளைப் பற்றி அவர்களுக்குத் தெரியும், அவன் ஆட்களைப் பற்றி, வழக்குகளைப் பற்றித் தெரியும். வேறு ஒன்றும் தெரியவில்லை. குருவம்மா தானே ஆரம்பித்தாள்.

"இவனுக்குக் கோழின்னா பயம். ஜெயில்ல வார்டர் வளத்த கோழி கிட்ட வந்தா பெஞ்சு மேல ஏறி நின்னுக்குவான்."

யாரும் சிரிக்கவில்லை. தோளில் எடை குறையவில்லை. அவள் பாதங்களை அகட்டி நின்றுகொண்டு, அடுத்ததைச் சொன்னாள்.